கார்டானோவின் பெயரும் ஜாதகமும்: தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஜிரோலாமோ கார்டானோ 16ஆம் நூற்றாண்டு இத்தாலியர். தொழில் மருத்துவம். ஆனால் இசை பற்றி நூல் எழுதினார், இயற்கணிதத்தின் போக்கையே மாற்றினார், அரசர்களுக்கு ஜாதகம் கணித்தார், சூதும் ஆடினார். இப்படி நாலா பக்கமும் கால் வைத்தவரைப் பற்றி எழுதுகிறவர்கள் தடுக்கி விழுவது பெரும்பாலும் அவருடைய பெயரில்தான். அவர் பெயரைத் தாங்கி நிற்கும் பலவற்றை அவர் கண்டுபிடிக்கவில்லை. அவரே செய்த சிலவற்றிலோ அவர் பெயரே காணோம்.

முதலில் எழுத்துப்பிழை. 'கிரோலாமோ' என்று எழுதுகிறார்கள். இத்தாலிய மொழியில் அந்த முதலெழுத்து 'ஜி'. ஆங்கிலேயர் அவரை ஜெரோம் கார்டன் என்றார்கள்; லத்தீனில் அவர் ஹியரோனிமுஸ் கார்டானுஸ். மூன்றும் ஒரே ஆள்தான். ஜிரோலாமோ, ஜெரோம் இரண்டுமே 'புனிதப் பெயர்' என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தவை. தமிழ்க் கத்தோலிக்கர்கள் எரோணிமுஸ் என்று சொல்லும் புனிதரின் பெயரும் அதுவே. 'கார்டன்' என்று தமிழில் எழுதினால் தோட்டம் நினைவுக்கு வரும் என்பதால், 'கார்டானோ' என்ற இத்தாலிய வடிவத்தையே கடைசிவரை வைத்துக்கொள்வது நல்லது.

அடுத்தது ஊர். மிலானுக்கு வடமேற்கே, இன்றைய மால்பென்ஸா விமான நிலையத்தின் அருகே, கார்டானோ அல் காம்போ என்ற ஊர் இருக்கிறது. குடும்பப் பெயர் அந்த ஊரிலிருந்து வந்தது. அதைப் பார்த்துவிட்டு அவர் பிறந்ததும் அங்கேதான் என்று எழுதிவிடக் கூடாது. அவர் பிறந்தது பாவியா நகரில், 1501 செப்டம்பர் 24 அன்று. செம்மங்குடி சீனிவாச ஐயர் பிறந்தது திருக்கோடிக்காவலில் என்பதை அறிந்த நமக்கு இதில் வியப்பு இருக்காது. இதே வகைத் தவறு ரெஜியோமொண்டானுஸ் என்ற ஜெர்மானியக் கணிதர் விஷயத்திலும் நடக்கிறது. 'அரசனின் மலை' என்ற ஊர்ப்பெயரின் லத்தீன் வடிவம் அது. அதைப் படித்ததும் பால்டிக் கரையில் இருந்த பிரஷ்ய நகரமான கோனிக்ஸ்பெர்க் என்று முடிவு கட்டுகிறார்கள். அவருடைய ஊரோ தெற்கே பிராங்கோனியாவில் இருக்கும், அதே பெயர் கொண்ட சிற்றூர்.

கார்டானோவுக்குத் தந்தை வழிப் பெயர் கிடைத்ததே பெரிய விஷயம். தந்தை ஃபாட்சியோ கார்டானோ மிலானில் வழக்கறிஞர், வடிவியலில் ஊறியவர், லியொனார்டோ டா வின்சிக்கு அறிமுகமானவர். மகன் பிறந்தபோது தாயை அவர் மணந்திருக்கவில்லை. இந்தக் காரணத்தைச் சொல்லியே மிலான் மருத்துவர் சங்கம் கார்டானோவைப் பல ஆண்டுகள் சேர்த்துக்கொள்ளாமல் வைத்திருந்தது. 1539இல்தான் கதவு திறந்தது. அவருடைய எழுத்தில் தென்படும் தற்பெருமையைக் கேலி செய்பவர்கள் இதையும் ஒரு வரி சேர்த்துச் சொல்லலாம்.

கணிதத்துக்கு வருவோம். முப்படிச் சமன்பாட்டின், அதாவது தெரியாத எண்ணின் கனம் வரும் சமன்பாட்டின், தீர்வுக்கு 'கார்டானோ சூத்திரம்' என்று பெயர். அதைக் கண்டுபிடித்தவர் கார்டானோ என்பது ஒரு தவறு. தார்த்தாலியா என்ற கணிதரிடமிருந்து திருடினார் என்பது அதற்கு நேரெதிரான இன்னொரு தவறு. சில வகை முப்படிச் சமன்பாடுகளை முதலில் தீர்த்தவர் பொலோனியாவின் ஷிப்பியோனே தெல் ஃபெர்ரோ. அவர் அதை அச்சிடவில்லை. பின்னர் தார்த்தாலியா தானே வழி கண்டு, 1539இல் மிலானில் கார்டானோவிடம் சொன்னார், வெளியிடக் கூடாது என்ற சத்தியத்தின் பேரில். 1543இல் கார்டானோவும் அவருடைய மாணவர் லொடொவிகோ ஃபெர்ராரியும் பொலோனியாவுக்குப் போய் தெல் ஃபெர்ரோவின் குறிப்பேட்டைப் பார்த்தார்கள். ரகசியம் தார்த்தாலியாவுக்கு முன்பே வேறொருவரிடம் இருந்தது தெரிந்ததும், சத்தியம் தன்னைக் கட்டாது என்று கார்டானோ முடிவு செய்தார். 1545இல் நூரம்பெர்கில் அச்சான தன் இயற்கணித நூல் 'ஆர்ஸ் மாக்னா'வில் தெல் ஃபெர்ரோ, தார்த்தாலியா இருவரையும் பெயர் சொல்லியே குறிப்பிட்டார். சத்தியத்தை மீறியது சரியா என்று வாதிடலாம். திருட்டு என்ற சொல் மட்டும் பொருந்தாது.

(தார்த்தாலியா என்பது 'திக்குவாயர்' என்ற பட்டப்பெயர். 1512இல் பிரெஞ்சுப் படை பிரெஷியாவைச் சூறையாடியபோது சிறுவனாக இருந்த அவர் முகத்தில் வெட்டு வாங்கினார், பேச்சு குழறியது. அந்தப் பெயரையே தன் நூல்களிலும் போட்டுக்கொண்டார். ஃபெர்ராரி என்ற பெயரோ இரும்புத் தொழிலிலிருந்து வந்தது. வட இத்தாலியில் தெருவுக்கு ஒருவர் இருப்பார்கள். கார் நிறுவனத்தோடு முடிச்சுப் போட வேண்டாம்.)

சூத்திரத்தையே ஒரு முறை போட்டுப் பார்த்தால் அது எவ்வளவு விசித்திரமானது என்பது புரியும். 'ஆர்ஸ் மாக்னா'வின் பெயர்பெற்ற உதாரணம்: ஓர் எண்ணின் கனத்தோடு அந்த எண்ணின் ஆறு மடங்கைக் கூட்டினால் 20. விடை 2 என்று சிறுவர்களும் சொல்வார்கள். 8 கூட்டல் 12. ஆனால் சூத்திரத்தில் வருவது இது: 108இன் வர்க்கமூலத்தோடு 10ஐக் கூட்டிக் கனமூலம் எடுக்க வேண்டும், அதே வர்க்கமூலத்திலிருந்து 10ஐக் கழித்துக் கனமூலம் எடுக்க வேண்டும், முதலாவதிலிருந்து இரண்டாவதைக் கழிக்க வேண்டும். இத்தனை சுற்றி வந்தும் கிடைப்பது அதே 2. கார்டானோவுக்கு நியாயமாகச் சேர வேண்டிய இடம் அதே நூலில் வேறு பக்கத்தில் இருக்கிறது. பெருக்கினால் 40 வருமாறு 10ஐ இரண்டாகப் பிரிக்க முடியுமா? முடியாது என்று விட்டுவிடாமல், 5உடன் 'கழித்தல் 15இன் வர்க்கமூலத்தை' ஒரு முறை கூட்டியும் ஒரு முறை கழித்தும் இரண்டு பகுதிகளை எழுதிப் பெருக்கிக் காட்டினார். 25 கூட்டல் 15, ஆக 40. நுட்பமானது, ஆனால் பயனற்றது என்று அவரே சலித்துக்கொண்டார். இப்படிக் கழித்தல் எண்ணின் வர்க்கமூலமாக வரும் கற்பனை எண்களின் வரலாறு இந்தச் சலிப்பிலிருந்துதான் தொடங்குகிறது. அந்த எண்களுக்கு அவர் பெயர் வைக்கப்படவில்லை. மாறாக, கோணம் மாறினாலும் சுழற்சியைக் கடத்தும், வாகனங்களின் 'கார்டன்' இணைப்புக்கு வைக்கப்பட்டிருக்கிறது. வளையத்துக்குள் வளையமாகத் தொங்கவிடும் அமைப்பை அவர் தன் நூலில் விவரித்தார், அவ்வளவுதான். அது அவருக்குப் பல நூற்றாண்டுகள் முந்தையது.

இசையைப் பெரும்பாலோர் ஒரு சொல்லில் முடித்துவிடுகிறார்கள், அல்லது அவரை இசையமைப்பாளராக்கி விடுகிறார்கள். அந்தக் காலப் பல்கலைக்கழகப் பாடத்திட்டத்தில் எண்கணிதம், வடிவியல், இசை, வானியல் நான்கும் ஒரே தொகுதி. அதனால் கணிதர் ஒருவர் சுர விகிதங்களைப் பற்றி எழுதுவதில் புதுமை இல்லை. கார்டானோவின் இசை நூலில் புதுமை, கருவி வாசிக்கிறவரின் கைப்பழக்கம் அதில் தெரிவதுதான். ரெக்கார்டர் என்ற நேர்க்குழலைப் பற்றி எழுதும்போது மூச்சின் அளவு, விரல் நடுக்கத்தால் சுரத்தை அசைப்பது, குழலின் அடிவாயை ஓரளவு மூடிச் சுரத்தை இறக்குவது என்று போகிறார். விகிதக் கணக்கு மட்டும் தெரிந்தவரால் இப்படி எழுத முடியாது. இந்த நூல் அவர் வாழ்நாளில் அச்சாகவில்லை. 1663இல் லியோனில் வெளிவந்த 10 தொகுதிகளில்தான் இடம்பெற்றது. ஆகவே 16ஆம் நூற்றாண்டு இசைஞர்களை அது பெரிதும் பாதித்தது என்று எழுதுவது தவறு. பகடைக் கணக்கை ஆராயும் அவருடைய சூதாட்ட நூலுக்கும் இதே கதி.

ஜோதிடத்தில் நம்மவர்கள் செய்யும் ஒரு தனித் தவறு உண்டு. 1501 செப்டம்பர் 24 என்று கணினியில் தட்டி, நம் முறைப்படி ஜாதகம் எடுத்து, 'பார்த்தீர்களா' என்கிறார்கள். அந்தத் தேதி அப்போது ஐரோப்பாவில் வழக்கிலிருந்த ஜூலியன் நாட்காட்டியைச் சேர்ந்தது. இன்றைய நாட்காட்டியில் அது அக்டோபர் 4. மாற்றாமல் போட்டால் சூரியன் ஏறக்குறைய 10 பாகை பின்னால் விழும். மேலும் கார்டானோ பயன்படுத்தியது, ராசிகளைச் சம இரவு நாளின் சூரியப் புள்ளியிலிருந்து எண்ணும் சாயன முறை. அவர் கணக்கில் சூரியன் துலாத்தில் இருக்கிறது. நம்முடையது நட்சத்திரங்களை வைத்து எண்ணும் நிராயன முறை; இரண்டுக்கும் உள்ள இடைவெளியான அயனாம்சம் அப்போது சுமார் 17 பாகை. அதைக் கழித்தால் சூரியன் கன்னிக்கு வந்துவிடும். கன்னிச் சூரியனை வைத்துக்கொண்டு, துலாத்துக்கு அவர் சொன்ன பலனைச் சரிபார்ப்பதில் பொருளே இல்லை.

அவருடைய கணிப்பெல்லாம் பலித்தது என்பதும் கதை. 1552இல் ஸ்காட்லாந்தில் பேராயர் ஒருவரின் மூச்சிரைப்புக்கு வைத்தியம் பார்த்துவிட்டுத் திரும்பும் வழியில், இங்கிலாந்தின் ஆறாம் எட்வர்டுக்கு ஜாதகம் கணித்தார். 55 வயதைத் தாண்டுவார் என்றார். மன்னர் மறு ஆண்டே 15 வயதில் இறந்தார். அந்த ஜாதகத்தை மறைக்காமல், எங்கே பிசகியது என்ற விளக்கத்தோடு அச்சிட்டார். இயேசுவுக்கு ஜாதகம் எழுதியதால் சிறை சென்றார் என்பதையும் யோசித்துத்தான் எழுத வேண்டும். அந்த ஜாதகம் அச்சானது 1554இல். கத்தோலிக்கத் திருச்சபையின் விசாரணை மன்றம் அவரைப் பொலோனியாவில் கைது செய்தது 1570இல். நடுவே 16 ஆண்டுகள். இயேசுவின் ஜாதகத்தைக் கணித்த முதல் ஆளும் அவர் அல்ல. கர்தினால் பியர் தாய்யி அவருக்கு முன்பே அதைச் செய்தவர்.

மிகப் பிரபலமான கதை கடைசிக் கதை. தன் மரண நாளைக் கணித்துவிட்டு, அது பொய்க்கக் கூடாது என்பதற்காகப் பட்டினி கிடந்து 1576 செப்டம்பர் 21 அன்று ரோமில் உயிரைவிட்டாராம். சொன்னவர்களில் முக்கியமானவர் பிரெஞ்சு வரலாற்றாசிரியர் தெ தூ. இதை எழுதும் முன் கார்டானோவின் தன்வரலாற்றில் உயில்கள் பற்றிய பகுதியைப் புரட்டினால் போதும். தன் கடைசி உயிலுக்கு அவர் குறிப்பிடும் தேதி 1576 அக்டோபர் 1.