தோசைக்கல்லில் வட அயர்லாந்து சோடா ரொட்டி

புதுச்சேரி பேக்கரிகளில் பிரெஞ்சு ரொட்டிக்குப் பஞ்சமில்லை. ஆனால் அதை வீட்டில் சுட ஈஸ்ட்டும் ஓவனும் வேண்டும். வட அயர்லாந்தின் சோடா ரொட்டிக்கு இரண்டும் தேவையில்லை. வட்டமாகத் தட்டி நாலாக வெட்டிக் கல்லில் சுடுவதால் இதற்கு ‘ஃபார்ல்’ என்று பெயர். பழைய ஸ்காட்லாந்துப் பேச்சில் கால் பங்கு என்று பொருள்.

மைதா 250 கிராம், ஆப்ப சோடா அரை டீஸ்பூன் (தலைதட்டி), உப்பு அரை டீஸ்பூன், புளித்த மோர் 200 மில்லி. அயர்லாந்துக் கோதுமை மென்மையானது, பசைத்தன்மை குறைவு. அதனால் மைதாதான் பொருத்தம். முழுக்க ஆட்டா போட்டால் ரொட்டி கனத்துவிடும். கால் பங்கு வரை சேர்க்கலாம்.

எல்லாமே மோரில்தான் இருக்கிறது. நீர்மோர் உதவாது. 150 மில்லி தயிரை ஓர் இரவு வெளியே வைத்து, 50 மில்லி தண்ணீர் விட்டுக் கடையுங்கள். கடலூர் வெக்கையில் புளிப்பதற்குக் கேட்கவா வேண்டும்! அந்தப் புளிப்பு சோடாவில் பட்டதும் வாயு கிளம்பும். ரொட்டி உப்புவது அதனால்தான். புளிப்பு போதாவிட்டால் சோடா மிஞ்சி, சோப்பு வாடையும் மஞ்சள் நிறமும் வரும்.

வாயு உடனே கிளம்பிவிடுவதால், மாவு பிசைவதற்கு முன்பே கனமான இரும்புக் கல்லை மிதமான தீயில் காயவையுங்கள். ஒரு சிட்டிகை மாவைத் தூவினால் ஒரு நிமிடத்தில் பொன்னிறமாக வேண்டும். உடனே கருகினால் சூடு அதிகம். தோசைக்கு வைக்கும் சூடு இதற்கு ஆகாது, மேலே தீய்ந்து உள்ளே பச்சையாக நிற்கும்.

உலர்ந்த பொருள்களைச் சேர்த்துச் சலித்து, நடுவில் குழி செய்து மோரை ஊற்றி விரல்களால் கிளறுங்கள். கடலோர ஈரத்தில் மாவே கொஞ்சம் நமுத்திருக்கும், ஆகவே கடைசி இரண்டு கரண்டி மோரைப் பார்த்துத்தான் விட வேண்டும். சப்பாத்தி மாவுபோல அடித்துப் பிசைந்தால் ரொட்டி ரப்பராகிவிடும். சேர்ந்து வந்தவுடன் நிறுத்தி, மைதா தூவிய பலகையில் ஒன்றரை சென்டிமீட்டர் கனத்தில் தட்டி நாலாக வெட்டுங்கள்.

எண்ணெய் விடாமல், பக்கத்துக்கு ஏழெட்டு நிமிடம். பிறகு துண்டுகளை நிமிர்த்தி, வெட்டிய ஓரங்களையும் கல்லில் காட்டுங்கள். பலர் விடுவது இதைத்தான். ஓரம் ஈரமாகவே நின்றுவிடும்.

துணியில் சுற்றி ஆறவைத்து, வெண்ணெய் தடவி அன்றே சாப்பிடுங்கள். மிஞ்சினால் மறுநாள் காலை குறுக்காகப் பிளந்து கல்லில் வாட்டி, முட்டையோடு சாப்பிடலாம்.