ஹோய் ஆனை நடந்து பார்க்க ஒரு கைடு, இரண்டரை மணி நேரம்

வியட்நாமின் பழைய துறைமுக ஊரான ஹோய் ஆனுக்கு முதல் தடவை போனபோது, பக்கத்துப் பெருநகரமான டா நாங்கில் தங்கியிருந்த விடுதியிலிருந்து இருபது பேரை ஒரு வேனில் ஏற்றிக்கொண்டு போனார்கள். கொடி பிடித்தவர் முன்னால் ஓட, நாங்கள் பின்னால் ஓட, பாலத்தில் ஒரு போட்டோ, கோயிலில் ஒரு போட்டோ, அப்புறம் ஒரு தையல் கடையில் முழுசாக நாற்பது நிமிஷம். எனக்குக் கோட்டு வேண்டாம் என்று சொல்லியும் அளவெடுத்துவிட்டார்கள். ஊரைப் பற்றித் தெரிந்துகொண்டது ஒன்றுமில்லை, என் தோள் அளவு மட்டும்தான் தெரிந்தது.

இரண்டாவது தடவை தனியாக ஒரு கைடை வைத்துக்கொண்டு இரண்டரை மணி நேரம் நடந்தேன். அதிலிருந்து கற்றதைத்தான் இங்கே எழுதுகிறேன். வியட்நாம் போகிறவர்கள் ஹனோய், ஹா லாங், பா நா மலை என்று திட்டத்தை அடைத்துவிட்டு ஹோய் ஆனுக்கு ஒரு சாயங்காலம்தான் ஒதுக்குகிறார்கள். சரி, ஒரே நாள் என்றாலும் பரவாயில்லை, ஆனால் அதில் ஒரு காலையைக் கைடுக்குக் கொடுங்கள்.

ஏன் காலை என்றால், சாயங்காலம் ஊர் அழகாக இருக்கும், ஆனால் எதுவும் காதில் விழாது. லாந்தர் ஏற்றியபின் கூட்டம் தள்ளுகிற தள்ளில் கைடு சொல்வது பாதி காற்றில் போய்விடும். விளக்கு பார்ப்பதற்குக் கைடு எதற்கு, அது நாமே சுற்றலாம். காலை ஏழரைக்குச் சந்தையில் தொடங்கினால் வெயில் ஏறுவதற்குள் முடித்துவிடலாம். பழைய தெருக்களில் காலை 9 முதல் 11 வரைக்கும், பிறகு மதியம் 3 மணியிலிருந்து இரவு வரைக்கும் மோட்டார் வண்டிகளுக்கு அனுமதி இல்லை, அதனால் நடையின் பின்பாதி ஹாரன் இல்லாமல் போகும். முன்பாதியில் ஸ்கூட்டர்கள் உரசிக்கொண்டு போகும், சுவரோரமாக நடங்கள். மாதம் என்று கேட்டால் பிப்ரவரியிலிருந்து ஏப்ரல் வரை நல்லது. அக்டோபர், நவம்பர் வெள்ளக் காலம், தூ போன் ஆறு கரை தாண்டித் தெருவுக்குள்ளேயே வந்துவிடும்.

ஊருக்கு விமான நிலையமும் இல்லை, ரயில் நிலையமும் இல்லை. டா நாங்கில் இறங்கி முப்பது கிலோமீட்டர் காரில் வர வேண்டும். 2025 ஜூலையில் குவாங் நாம் மாகாணத்தை டா நாங்கோடு சேர்த்துவிட்டார்கள், ஆகவே காகிதத்தில் ஹோய் ஆன் இப்போது டா நாங் மாநகரத்தின் ஒரு பகுதி. பழைய முகவரி, புது முகவரி இரண்டும் புழங்குவதால் விடுதியின் பெயரையும் தெருவின் பெயரையும் சேர்த்தே டிரைவருக்குக் காட்டுங்கள். இந்தியர்களுக்கு இ-விசா முன்கூட்டியே வேண்டும், அதை அரசுத் தளத்திலேயே எடுங்கள், இடைத்தரகர் தளங்கள் அசல் போலவே இருக்கும்.

இனி கைடு. முன்பதிவு செய்யும்போதே நாலு விஷயத்தை எழுத்தில் கேட்டுவிடுங்கள். விலை ஆளுக்கா, மொத்தக் குழுவுக்கா? (குடும்பமாகப் போனால் இதில்தான் பணம் மிச்சமாகும்.) பழைய நகரத்து நுழைவுச் சீட்டு அதில் சேர்த்தியா? கைடிடம் உரிமம் இருக்கிறதா? வியட்நாமில் கைடுகள் அட்டையைக் கழுத்தில் மாட்டிக்கொண்டுதான் வர வேண்டும், மாட்டாதவர் வந்தால் கேளுங்கள். நாலாவதுதான் முக்கியம்: "கடைகள் வேண்டாம்" என்று பணிவாக, ஆனால் தெளிவாக எழுதிவிடுங்கள். தையல் கடை, பட்டுக் கடை, லாந்தர் பட்டறை எதுவும் நடைக்குள் வேண்டாம், வேண்டுமானால் பிறகு நாங்களே போவோம் என்று. நல்ல கைடுக்கு இதில் வருத்தமே இருக்காது. மழுப்பலாகப் பதில் வந்தால் வேறு ஆளைப் பாருங்கள்.

சந்தித்ததும் கைடு உங்கள் வயதைக் கேட்பார். கோபப்படாதீர்கள். வியட்நாமிய மொழியில் 'நீ', 'நீங்கள்' என்று பொதுவாக ஒரு சொல்லை வைத்துக்கொண்டு ஓட்ட முடியாது. மூத்த ஆண் என்றால் 'ஆன்', மூத்த பெண் என்றால் 'சி', இளையவர் என்றால் 'எம்', அதாவது அண்ணன், அக்கா, தம்பி அல்லது தங்கை. உறவு தெரியாமல் வாய் திறக்க முடியாது. பஸ்ஸில் பக்கத்து சீட்டுக்காரரை அண்ணா என்று கூப்பிட்டுப் பழகிய நமக்கு இது ஒன்றும் புதிதில்லை. என் கைடு என்னைவிடப் பத்து வயது சின்னவர், நான் 'ஆன்' ஆகிவிட்டேன், அதற்கப்புறம் பேச்சே வேறு மாதிரி ஆகிவிட்டது.

நுழைவுச் சீட்டு வெளிநாட்டவருக்கு 1,20,000 டாங், நான் போனபோது. ஊருக்குள் இருக்கும் பழைய வீடுகள், சபைக் கூடங்கள், அருங்காட்சியகங்களில் ஐந்தை அதில் பார்க்கலாம். ஐந்தையும் இரண்டரை மணி நேரத்தில் முடிக்கப் பார்க்காதீர்கள். மூன்று போதும். ஒரு சபைக் கூடம், இரண்டு வீடு. மிச்சச் சீட்டைச் சாயங்காலம் உபயோகித்துக்கொள்ளலாம்.

சந்தையில் ஆரம்பிக்கச் சொன்னேன் இல்லையா, அதற்குக் காரணம் அது ஊரின் கிழக்கு முனையில் இருக்கிறது. அங்கிருந்து டிரான் ஃபூ தெருவில் மேற்கே நடந்தால் நேராகப் பாலத்துக்கு வந்துவிடலாம், திரும்பும்போது ஆற்றுக்குப் பக்கமாக இருக்கும் நுயென் தாய் ஹொக் தெருவில் வரலாம். மொத்தமே ஒன்றரை கிலோமீட்டருக்குள்தான். தூரம் இல்லை, நின்று பார்ப்பதுதான் வேலை.

சந்தைக்கு எதிரே இருப்பது குவான் கோங் கோயில், 1653-ல் கட்டியது. அதை வெளியிலிருந்து பார்த்துவிட்டு ஃபுஜியான் சபைக் கூடத்துக்கு நடங்கள். சீனாவின் ஃபுஜியான் பகுதியிலிருந்து வந்த வணிகர்கள் கூடிப் பேசவும் கும்பிடவும் வைத்துக்கொண்ட இடம். உள்ளே மூலஸ்தானத்தில் தியென் ஹவ், கடலோடிகளின் தெய்வம். அவளுக்கு இரண்டு காவல், ஒருவனுக்கு ஆயிரம் காதம் தெரியும் கண், இன்னொருவனுக்குக் காற்றின் சத்தத்தையும் பிடிக்கும் காது. எந்தக் கப்பல் தவிக்கிறது என்று ஒருவன் பார்ப்பான், ஒருவன் கேட்பான், அவள் போய்க் காப்பாற்றுவாள். கூரையிலிருந்து சுருள் சுருளாக ஊதுபத்தி தொங்கும், சாம்பல் தலையில் விழும், கவலைப்படாதீர்கள். பெரும்பாலான குழுக்கள் இங்கேயே போட்டோ எடுத்துத் திரும்பிவிடுகின்றன. பின்கட்டுக்குக் கூட்டிப்போகச் சொல்லுங்கள். அங்கே பிரசவத்தைக் காக்கும் தெய்வங்களான பன்னிரண்டு பேறுகாலத் தாய்மார் சிலைகளாக வரிசையாக உட்கார்ந்திருக்கிறார்கள், குழந்தை வேண்டுகிறவர்கள் பழமும் பூவும் வைத்துக் கும்பிடுகிறார்கள். நான் போனபோது ஒரு இளம் தம்பதி மட்டும் இருந்தார்கள், கைடு குரலைத் தாழ்த்திக்கொண்டார். கால்சட்டை முழங்காலுக்குக் கீழே இருக்கட்டும், தோள் மூடியிருக்கட்டும்.

தெருவில் நடக்கும்போது நிமிர்ந்து பாருங்கள். வாசல் நிலைக்கு மேலே மரத்தில் செதுக்கிய இரண்டு வட்டங்கள் இருக்கும். 'வாசலின் கண்' என்று பெயர். வீட்டுக்குள் வருகிறவரை வீடே பார்க்கிறது என்று நம்பிக்கை. வீட்டுக்கு வீடு வடிவம் வேறு. சிறுவர்கள் கூட வந்தால் எத்தனை வகை என்று எண்ணச் சொல்லுங்கள், அடுத்த அரை மணி நேரம் அவர்கள் தொந்தரவு இருக்காது.

பா லே கிணற்றைத் திட்டத்தில் சேர்க்கச் சொல்லுங்கள், சந்துக்குள் இருப்பதால் தனியாகப் போனால் தவறிவிடும். சதுரக் கிணறு, இந்தப் பகுதியை முன்பு ஆண்ட சம்பா அரசின் காலத்தது என்கிறார்கள். ஹோய் ஆனின் பெயர்போன காவ் லாவ் நூடுல்ஸுக்கு இந்தத் தண்ணீரும் சாம் தீவு மரச் சாம்பலைக் கரைத்த காரநீரும் சேர்ந்தால்தான் அந்த நிறமும் அந்தக் கடியும் வரும் என்பது ஊர்ப் பேச்சு. வணிகர்கள் வருவதற்கு முந்தியே இந்த ஆற்று முகத்துவாரம் சம்பா அரசின் துறைமுகம். அவர்கள் சிவனுக்குக் கட்டிய மி சோன் கோயில்கள் இங்கிருந்து சுமார் நாற்பது கிலோமீட்டர், அதற்குத் தனியாக ஒரு அரைநாள் வையுங்கள், இந்த நடையோடு சேர்த்துக் கசக்காதீர்கள். டிரான் ஃபூவில் ஒரு சின்னப் பூங்காவில் வெள்ளைக்காரர் ஒருவரின் சிலை இருக்கும், கசிமியெர்ஷ் க்வியாட்கோவ்ஸ்கி என்ற போலந்துக் கட்டடக் கலைஞர். மி சோனைச் செப்பனிட வந்தவர், ஹோய் ஆனின் பழைய வீடுகளை இடிக்காமல் வைத்துக்கொள்ளச் சொல்லி வாதாடியவர். 1997-ல் ஹுவே நகரில் இறந்தார். இரண்டே வருஷத்தில், 1999-ல், இந்த ஊருக்கு யுனெஸ்கோ அங்கீகாரம் வந்தது.

பாலம். எல்லோரும் பாலத்துக்காகத்தான் வருகிறார்கள். ஜப்பானிய வணிகர்கள் கட்டியது, 1593 என்று வழக்கமாகச் சொல்வார்கள். 1719-ல் இங்கே வந்த நுயென் ஃபுக் சூ பிரபு 'தூரத்து விருந்தினர் பாலம்' என்று பெயர் வைத்தார். ஒரு முனையில் குரங்குகள், இன்னொரு முனையில் நாய்கள். குரங்கு வருஷத்தில் தொடங்கி நாய் வருஷத்தில் முடித்தார்கள் என்பது ஒரு கதை. இன்னொரு கதைதான் எனக்குப் பிடித்தது: பூமிக்கடியில் ஒரு பெரிய விலங்கு படுத்திருக்கிறது, வால் ஜப்பானில், முதுகு இங்கே, தலை இந்தியாவில், அது புரண்டால் நிலநடுக்கம், அதன் முதுகில் குத்தி நிறுத்திய வாள்தான் இந்தப் பாலம். "உங்கள் ஊரில்தான் தலை இருக்கிறது, சாப்பாடு நீங்கள்தான் போட வேண்டும்" என்றார் என் கைடு.

ஊர்க்காரர்கள் இதைக் கோயில்பாலம் என்பார்கள், உள்ளே சின்னச் சன்னிதியும் உண்டு, ஆனால் அதில் புத்தர் இல்லை, வடதிசைக் காவல் தெய்வம்தான். பிரித்துச் சரிசெய்து 2024 ஆகஸ்டில் திறந்தபோது ரொம்பப் புதுசாகிவிட்டது என்று வியட்நாம்காரர்களே இணையத்தில் சண்டை போட்டார்கள். கைடிடம் அதில் அவர் எந்தக் கட்சி என்று கேளுங்கள், மனப்பாடமாகச் சொல்வதை நிறுத்திவிட்டு நிஜமாகப் பேச ஆரம்பித்துவிடுவார்.

பையில் 20,000 டாங் நோட்டு இருந்தால் எடுத்துத் திருப்பிப் பாருங்கள், பாலம் அதில் இருக்கும். அப்படியே ஒரு எச்சரிக்கை: 20,000, 500,000 இரண்டு நோட்டும் நீலம். இருட்டில் ஒரு இளநீருக்கு நான் பெரியதை நீட்டியிருக்கிறேன். கடைக்காரம்மா சிரித்துத் திருப்பிக் கொடுத்தார், எல்லோரும் கொடுப்பார்கள் என்று சொல்ல முடியாது. இரண்டையும் பர்ஸில் தனித்தனி அறையில் வையுங்கள்.

பாலம் தாண்டியதும் ஃபுங் ஹுங் வீடு. 1780-ஐ ஒட்டிக் கட்டியது, எண்பது மரத் தூண்கள். மாடியின் தரையில் ஒரு கதவு இருக்கும், அதைத் திறந்து காட்டச் சொல்லுங்கள். வெள்ளம் வந்தால் கீழே இருக்கும் சரக்கை அது வழியாகக் கயிறு கட்டி மேலே இழுத்துக்கொள்வார்கள். திரும்பி வரும் வழியில் தான் கி வீடு, ஏழு தலைமுறையாக ஒரே குடும்பம். முன்வாசல் தெருவுக்கு, பின்வாசல் ஆற்றுக்கு. ஆற்றுப் பக்கம் சரக்கு ஏறும், தெருப் பக்கம் விற்கும், நடுவில் முற்றம், வெளிச்சத்துக்கும் மழைத் தண்ணீருக்கும். சுவரில் வெள்ளம் ஏறிய அளவுகளை வருஷம் போட்டுக் குறித்திருக்கிறார்கள். 1964 கோட்டைக் காட்டச் சொல்லி அதன் பக்கத்தில் நின்று பாருங்கள். இந்த ஊர் ஏன் இவ்வளவு பழசாகவே நின்றுவிட்டது என்ற கேள்விக்கும் ஆறுதான் பதில்: வண்டல் சேர்ந்து ஆழம் குறைந்து, பெரிய கப்பல்கள் டா நாங்குக்குப் போய்விட்டன. காசு போனதால் யாரும் இடித்துக் கட்டவில்லை.

கேள்விகளை முந்தைய நாளே இரண்டு மூன்று எழுதி வையுங்கள். இந்தத் தெருவில் எத்தனை வீட்டில் இன்னும் குடும்பம் குடியிருக்கிறது, எத்தனை வீடு வாடகைக் கடை? வெள்ளம் வந்தால் உங்கள் வீட்டில் முதலில் எதை மேலே தூக்குவீர்கள்? வருஷம், அளவு எல்லாம் பலகையிலேயே இருக்கிறது, அதற்குக் கைடு வேண்டாம். ஆங்கில உச்சரிப்பு முதல் பத்து நிமிஷம் புரியாது, கடைசி எழுத்தை விழுங்கிவிடுவார்கள். தலையை ஆட்டிவைக்காமல் திரும்பக் கேளுங்கள், நம் ஆங்கிலமும் அவர்களுக்கு அப்படித்தான்.

சைவம் சாப்பிடுகிறவர்களுக்கு: 'ஆன் சாய்' என்று சொன்னால் சைவம் என்று புரிந்துகொள்வார்கள், ஆனால் மீன் சாறு சேர்க்க வேண்டாம் என்பதையும் கைடிடம் சொல்லி வியட்நாமியத்தில் போனில் எழுதி வாங்கிக்கொள்ளுங்கள், மூன்று வேளையும் அதைக் காட்டலாம். காவ் லாவில் வழக்கமாகப் பன்றி இறைச்சி, வெள்ளை ரோஜா என்கிற கொழுக்கட்டையில் இறால். சைவக் காவ் லாவும் கிடைக்கிறது. சந்திர மாதத்தின் முதல் நாளும் பதினைந்தாம் நாளும் அங்கே பலர் சைவம் சாப்பிடுவதால் அந்த நாட்களில் தேர்வு கூடுதல். பதினாலாம் நாள் இரவு தெருவிளக்கை அணைத்து லாந்தரை மட்டும் ஏற்றுவார்கள். தேதி உங்கள் கையில் இருந்தால் அதை ஒட்டியே டிக்கெட் போடுங்கள்.

நடை ஆற்றங்கரையில் முடியும். அன்பளிப்பை உறையில் போட்டோ மடித்தோ இரண்டு கையாலும் கொடுங்கள், அங்கே அதுதான் மரியாதை. பிரிவதற்கு முன், அவர் வீட்டார் எங்கே சாப்பிடுவார்கள் என்று கேட்டுவிடுங்கள். என்னை அவர் அனுப்பிய கடைக்குப் பெயர்ப்பலகையே இல்லை, நாலு பிளாஸ்டிக் ஸ்டூல்தான். பக்கத்து ஸ்டூலில் வந்து உட்கார்ந்த பாட்டி முதலில் கேட்டது என் வயதைத்தான்.