மலாயா சுதந்திரக் கட்சி பற்றி எழுதுபவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

போன வாரம் ஒரு மாணவி தன் வரலாற்றுக் கட்டுரையைப் படித்துப் பார்க்கச் சொல்லிக் கொடுத்தாள். இரண்டாம் பக்கத்திலேயே நின்றுவிட்டேன். இருபது ஆண்டுகளுக்கு முன் நான் செய்த அதே தவறு, கிட்டத்தட்ட அதே வரிகளில் இருந்தது. பெயர் எழுத்துகளையும் தேதிகளையும் யாரும் சரிபார்த்துவிடலாம். அதைத் தாண்டியவற்றைச் சொல்கிறேன்.

முடிவிலிருந்து பின்னோக்கிப் படிப்பது

அவள் எழுதியிருந்தது இது: "துங்குவும் டான் செங் லோக்கும் கூட்டணி அமைத்து, 1952 கோலாலம்பூர் நகராட்சித் தேர்தலில் டத்தோ ஓன் ஜாபாரின் கட்சியைத் தோற்கடித்தார்கள்."

துங்கு அப்துல் ரகுமான் அப்போது மலாய்க்காரர் கட்சியான அம்னோவின் தலைவர்; ஓனின் கட்சிதான் மலாயா சுதந்திரக் கட்சி. நானும் ஒரு விழா மலரில் இப்படித்தான் எழுதினேன். மலர் அச்சாகி வந்த பிறகு, ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர் என் கட்டுரையை விரித்து அந்த வரியில் விரலை வைத்தார். "தம்பி, அப்போ டான் செங் லோக் எந்தப் பக்கம் நின்னாரு, பார்த்தீங்களா?" நான் பார்க்கவில்லை. நானூறு பிரதிகளிலும் திருத்தச் சீட்டு ஒட்ட இரண்டு இரவுகள் ஆயின. பசை காய்ந்து, அந்தப் பக்கம் இன்றும் சுருங்கிக் கிடக்கிறது.

நடந்தது வேறு. ஓன், தாம் நிறுவிய அம்னோவை எல்லா இனத்தவருக்கும் திறந்துவிடச் சொன்னார். கட்சி ஏற்கவில்லை. 1951 ஆகஸ்டில் வெளியேறி, செப்டம்பரில் எல்லா இனத்தவருக்குமான மலாயா சுதந்திரக் கட்சியைத் தொடங்கினார். அந்தத் தொடக்கத்தை ஆதரித்தவர்களில் ஒருவர் மலாயா சீனர் சங்கத்தின் தலைவர் டான் செங் லோக்! 1952 ஜனவரியில் அம்னோவோடு கைகோத்தது அவர் அல்ல. அதே சங்கத்தின் சிலாங்கூர் கிளையைச் சேர்ந்த எச்.எஸ்.லீயும் கோலாலம்பூர் அம்னோவின் யாஹ்யா ரசாக்கும் செய்துகொண்ட உள்ளூர் உடன்பாடு அது. ஒரே ஒரு நகராட்சிக்காக, தேர்தலுக்குச் சில வாரங்களே இருக்கும்போது செய்தது. இரு கட்சிகளும் தத்தம் கொடியை விடாமல் இடங்களை மட்டும் பங்கிட்டுக்கொண்டன. பிப்ரவரி 16 அன்று 12 இடங்களில் 9 அவர்களுக்குக் கிடைத்தன. ஓன் கட்சிக்கு 2.

அந்த வெற்றியைப் பார்த்துத்தான் தலைமைகள் நெருங்கின. நாடு தழுவிய கூட்டணி அதன் பிறகே உருவானது. இந்த வரிசையை மாற்றி எழுதினால், பல இனக் கட்சி பிறக்கும்போதே தோற்றுவிட்டது என்றாகிவிடும். இல்லை. 1951 இறுதியில் நாட்டின் பெரிய பெயர்கள் பல ஓன் பக்கம் இருந்தன; பிரிட்டிஷ் அதிகாரிகளின் நல்லெண்ணமும் இருந்தது. வீடு வீடாகப் போய் வாக்கைத் திரட்டும் கிளைகள்தான் இல்லை. அதை எதிர்த் தரப்பு வைத்திருந்தது. தோல்விக்குக் காரணம் தேடுபவர் இங்கே நின்று பார்க்க வேண்டும். "மக்கள் இன ஒற்றுமையை மறுத்தார்கள்" என்று ஒரே வரியில் தாண்டிப் போகிறவர்களைப் பார்த்தால் எனக்கு இன்றும் கோபம் வருகிறது. ஒரு நகரத்தின் சில ஆயிரம் வாக்காளர்களை நாட்டின் தீர்ப்பாக்கிவிடுகிறார்கள்.

பார்ட்டி நெகாராவையும் இதையும் ஒன்றாக்குவது

தலைவர் ஒருவர்தான், கட்சி வேறு. 1954-இல் ஓன் தொடங்கிய பார்ட்டி நெகாரா மலாய் வாக்குகளை நோக்கித் திரும்பியது. 1955 பொதுத் தேர்தலில் 52 இடங்களில் கூட்டணி 51-ஐ வென்றது, நெகாராவுக்கு ஒன்றுமில்லை. அந்தப் பூஜ்யத்தை மலாயா சுதந்திரக் கட்சியின் கணக்கில் எழுதாதீர்கள்.

ஓனை அம்னோவின் எதிரியாக மட்டும் காட்டுவது

1946-இல் அதன் முதல் தலைவரே அவர்தான்.

இந்தியர்களை விட்டுவிடுவது

தமிழில் எழுதும் நாமே இதைச் செய்வதுதான் வேதனை. கோலாலம்பூர் தேர்தலில் மலாயா இந்தியர் காங்கிரஸ் (ம.இ.கா.) நின்றது ஓன் பக்கம். கூட்டணியில் அது சேர்ந்தது 1954-இல். மாணவியின் கட்டுரையில் ம.இ.கா. 1955-இல் திடீரென்று முளைக்கிறது. அதற்கு முன் அது எங்கே இருந்தது, ஏன் பக்கம் மாறியது என்ற கேள்விகளுக்கு இடமே இல்லை. அந்தப் பத்தியைப் புதிதாக எழுதிக்கொண்டு வரச் சொல்லி அனுப்பியிருக்கிறேன்.