படியிறங்கும்போது வந்த முழங்கால் வலி: என் அனுபவம்

ஐந்து வாரமாக, மாடிப்படி இறங்கினால் மட்டும் இடது முழங்கால் வலி. ஏறும்போது ஒன்றுமில்லை. முழங்கால் உறை (knee cap) போட்டேன், ஐஸ் வைத்தேன், ஷூ மாற்றினேன், ஸ்குவாட் என்ற உட்கார்ந்தெழும் பயிற்சியை நிறுத்தினேன். வலி அப்படியேதான் இருந்தது.

அப்புறம் ஒற்றைக்காலில் படியிறங்குவதை முன்னால் ஃபோன் வைத்து வீடியோ எடுத்தேன். அதுவரை பக்கத்திலிருந்துதான் எடுத்துப் பார்த்திருந்தேன், அதில் எல்லாம் சரியாகத் தெரிந்தது. முன்னாலிருந்து பார்த்தால், இடது காலில் நிற்கும்போது வலது இடுப்பு கீழே சரிகிறது, இடது முழங்கால் உள்பக்கம் சாய்கிறது.

நடை, சைக்கிள், ஸ்குவாட், லஞ்ச் (lunge, ஒரு காலை முன்னால் வைத்து முழங்காலை மடக்கும் பயிற்சி) என்று நான் செய்ததெல்லாம் முன்பின் அசைவு, அதாவது சாஜிட்டல் தளம். பக்கவாட்டு அசைவுக்கான ஃப்ரண்டல் தளத்தில் பயிற்சியே இல்லை. ஒற்றைக்காலில் நிற்கும்போது இடுப்பு சரியாமல் பிடிப்பது அந்தத் தளத்தில் வேலை செய்யும் குளூட்டியஸ் மீடியஸ் என்ற, பிட்டத்தின் பக்கவாட்டிலுள்ள தசை.

சரி என்று, ஒருக்களித்துப் படுத்து மேல்காலைத் தூக்கும் பயிற்சியைத் தொடங்கினேன். முதல் வாரம் பலனில்லை. கால்விரல்கள் கூரையைப் பார்த்தபடி இருந்ததால் கால் முன்னால் நகர்ந்து, தொடையின் முன்பக்கத் தசையே வேலையை எடுத்துக்கொண்டது. முதுகைச் சுவரில் ஒட்டி, குதிகால் சுவரை உரசியபடி, விரல்களைச் சற்றே கீழ்நோக்கித் திருப்பித் தூக்கினேன். பிட்டத்தின் பக்கவாட்டில் அன்றே எரிந்தது. தினமும் 12 தடவை, 3 சுற்று. நான்காவது வாரம் வலியில்லாமல் இறங்கினேன். பெரிய நிம்மதி.