ரீயூனியனில் முன்தேர்தல்: எதற்கு, எப்படி?

இந்தியப் பெருங்கடலில் உள்ள ரீயூனியன் தீவு பிரான்சின் பகுதி, அங்குள்ளவர்களும் பிரான்சின் அதிபர் தேர்தலில் வாக்களிக்கிறார்கள். அந்தத் தேர்தலில் முதல் சுற்றில் யாருக்கும் பாதிக்கு மேல் கிடைக்காவிட்டால், முதல் இருவர் மட்டுமே அடுத்த சுற்றுக்குப் போவார்கள். ஒரே அணியிலிருந்து பலர் நின்றால் வாக்கு சிதறும். 2002-இல் இடதுசாரிகளுக்கு அதுதான் நேர்ந்தது: சோசலிஸ்ட் வேட்பாளர் ஜோஸ்பன் 16.18% பெற்று, 16.86% பெற்ற தீவிர வலதுசாரி லெ பென்னுக்குப் பின்னால் மூன்றாவதாக வந்து வெளியேறினார். இந்தச் சிதறலைத் தடுக்கத்தான் முன்தேர்தல்: அதிபர் தேர்தலுக்கு முன்பே ஓர் அணி தன் ஒரே வேட்பாளரை வாக்கெடுப்பில் தேர்ந்தெடுப்பது.

இதை அரசு நடத்துவதில்லை, கட்சிகளே நடத்துகின்றன. எனவே விதிகள் ஒவ்வொரு முறையும் மாறும். அறிவிப்பை முழுதாகப் படியுங்கள். 2016-இல் வலதுசாரிகளின் முன்தேர்தலில் வாக்களிக்கக் கட்சி உறுப்பினராக இருக்கத் தேவையில்லை. வாக்காளர் பட்டியலில் பெயர், அடையாள அட்டை, சுற்றுக்கு 2 யூரோ, கொள்கை உறுதிமொழியில் கையெழுத்து, அவ்வளவே. 2017-இல் இடதுசாரிகள் 1 யூரோ கேட்டார்கள். சில்லறையாகக் கொண்டுபோங்கள்.

ரீயூனியனின் சேன்ட்-ஆந்த்ரே நகரில் இருப்பவர் வழக்கமான வாக்குச்சாவடிக்கே போய் ஏமாறக்கூடும். முன்தேர்தலில் சாவடிகள் குறைவு, பலவற்றை ஒன்றாகச் சேர்த்துவிடுவார்கள். உங்கள் இடம் எது என்று முன்னதாகவே பாருங்கள்.

முன்தேர்தலின் பெரிய பலவீனம், தோற்றவரைச் சட்டம் கட்டுப்படுத்தாதது. 2017-இல் இடதுசாரி முன்தேர்தலில் அமோனிடம் தோற்ற முன்னாள் பிரதமர் வால்ஸ், பிறகு அதிபர் தேர்தலில் அமோனை எதிர்த்து நின்ற மக்ரோனை ஆதரித்தார், அமோன் முதல் சுற்றில் 6.36% மட்டுமே பெற்றார். ஆகவே வாக்களிக்குமுன், தோற்றால் வென்றவருக்காக உழைப்பேன் என்று எல்லா வேட்பாளரும் எழுத்தில் ஒப்புக்கொண்டார்களா என்று கேளுங்கள்.