தட்சுயா நகாடாயின் நடிப்பை எந்த வரிசையில் பார்ப்பது? புதியவர்களுக்கான செய்முறை விளக்கம்

பழைய ஜப்பானியப் படங்கள் என்றவுடன் பலருக்கும் தோஷிரோ மிஃபுனேவின் முகமே நினைவுக்கு வருகிறது. அவருக்கு எதிரே நின்ற தட்சுயா நகாடாயை மூன்று நான்கு படங்களில் பார்த்திருந்தும், அவர்கள் அனைவரும் ஒரே நடிகர் என்று அறியாதவர்கள் உண்டு. 1932இல் தோக்கியோவில் பிறந்த இவர், படத்துக்குப் படம் அந்த அளவுக்கு மாறிவிடுவார். ஆகவே ஆண்டு வரிசையை விட்டுவிட்டு, அந்த மாற்றம் கண்ணுக்குப் புலப்படும் வரிசையில் பார்க்கத் தொடங்குவதே நல்லது.

ஒரு முன்னேற்பாடு தேவை. மொழிமாற்றுக் குரலைத் தவிர்த்து, ஜப்பானிய ஒலியையே வைத்துக்கொண்டு துணையுரையுடன் பாருங்கள். ஹைய்யூசா நாடகக் குழுவில் பயின்றவர் என்பதால், இவர் நடிப்பில் பாதி குரலில்தான் இருக்கிறது.

படி 1: அகிரா குரோசாவாவின் 'யோஜிம்போ' (1961), 'ஹை அண்ட் லோ' (1963) ஆகிய இரண்டையும் அடுத்தடுத்த நாள்களில் பாருங்கள். முதற்படத்தில் வாள்கள் மட்டுமே புழங்கும் ஊருக்குள், கழுத்தில் கட்டம்போட்ட மஃப்ளரும் கையில் கைத்துப்பாக்கியுமாக வந்து நிற்கும் உனோசுகே. இரண்டாவதில் ஆள்கடத்தல் வழக்கைத் துப்பறியும் காவல் அதிகாரி தோகுரா. உனோசுகேயின் கண்கள் சிரிக்கும்போதும் அச்சமூட்டும். தோகுராவின் கண்களோ எதையும் வெளிக்காட்டாமல் அடுத்தவர் சொல்வதை உள்வாங்கும்.

படி 2: இனி 1962ஆம் ஆண்டுக்கு வாருங்கள். குரோசாவாவின் 'சஞ்சூரோ'வின் இறுதியில் மிஃபுனேவும் நகாடாயும் அசையாமல் எதிரெதிரே நிற்க, ஒரே வீச்சில் எல்லாம் முடிந்துவிடுகிறது. அதே ஆண்டில் மசாகி கோபயாஷி இயக்கிய 'ஹராகிரி'யிலோ, முப்பது வயதுகூட நிரம்பாத நகாடாய், பேரனைக் கண்டுவிட்ட ஆதரவற்ற சாமுராயாக, ஒரு பெரிய மாளிகையின் முற்றத்தில் அமர்ந்தபடி தன் கதையைச் சொல்கிறார். வாள் உருவப்படும் வரை காத்திருக்க வேண்டாம். அடங்கிய குரலில் தொடங்கும் அந்தக் கதை, எந்த இடத்தில் குற்றச்சாட்டாக மாறுகிறது என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள். ஒரே ஒரு படத்துக்குத்தான் நேரம் உண்டு என்பவர்களுக்கும் இதைத்தான் சொல்வேன்.

படி 3: இத்தனை வகை வேடங்கள் எப்படிக் கிடைத்தன என்பதைத் தெரிந்துகொண்டு மேலே செல்லுங்கள். 1953இல் ஜப்பானின் பெரிய படநிறுவனங்கள், ஒருவருடைய நடிகரை மற்றவர் பயன்படுத்துவதில்லை என்று தமக்குள் உடன்பாடு செய்துகொண்டன. கடையில் வேலை பார்த்துக்கொண்டிருந்தபோது கோபயாஷியின் கண்ணில் பட்டுத் திரைக்கு வந்த நகாடாய், எந்த நிறுவனத்துக்கும் தம்மை முழுமையாக எழுதிக்கொடுக்கவில்லை. அதனால்தான் மிக்கியோ நருசே, கோன் இச்சிகாவா, கிஹாச்சி ஒக்கமோத்தோ என ஒன்றுக்கொன்று தொடர்பில்லாத இயக்குநர்களிடம் அவரால் நடிக்க முடிந்தது. மேடையையும் கைவிட வேண்டியிருக்கவில்லை.

படி 4: 'தி ஹியூமன் கண்டிஷன்' (1959–61) மூன்று பாகங்களும் சேர்ந்து ஒன்பதரை மணி நேரத்துக்கு மேல் ஓடும். ஒரே நாளில் முயன்று சலிப்படையாதீர்கள். நாளுக்கு ஒரு பாகம் போதும். மஞ்சூரியச் சுரங்கத்தில் கட்டாயத் தொழிலாளர்களை மனிதராக நடத்த முயலும் கஜி, பின்னர் படைவீரனாகி, கைதியாகி, தேய்ந்துகொண்டே போவதை நடையிலேயே காணலாம்.

படி 5: 1966ஆம் ஆண்டின் 'தி ஃபேஸ் ஆஃப் அனதர்'. விபத்தில் முகம் சிதைந்தவரின் வேடம் என்பதால், படத்தின் முற்பகுதியில் கட்டுகளுக்குள்ளிருந்து குரல் மட்டுமே நடிக்கிறது. முன்னேற்பாட்டின் பயன் இங்கே விளங்கும்.

படி 6: குரோசாவாவின் 'ககெமுஷா' (1980), பிறகு 'ரான்' (1985). முன்னதில் ஷின்டாரோ கட்சு விலகியபின் வந்துசேர்ந்த நகாடாய், பிரபுவாகவும் அவரைப்போலவே தோன்றும் திருடனாகவும் இரட்டை வேடம் ஏற்றார். பின்னதில், ஐம்பதுகளின் தொடக்கத்தில் இருந்தவர் எழுபது வயது ஹிதெதோராவாகிறார். உண்மையாகவே கட்டி எரிக்கப்பட்ட கோட்டையிலிருந்து, சித்தம் கலங்கிய முதியவராக அவர் படியிறங்கி வரும் காட்சியை மறுபடி எடுக்க வழியே இருந்திருக்காது.

இவ்வளவும் பார்த்தபின் 'செவன் சாமுராய்' (1954) படத்துக்குத் திரும்புங்கள். உழவர்கள் சாமுராய்களைத் தேடி நகரத் தெருவில் காத்திருக்கும்போது, ஓர் இளைஞர் சில நொடிகள் கடந்து செல்வார். அந்த நடை சரியாக அமையவில்லை என்று குரோசாவா திரும்பத் திரும்ப நடக்கவைத்த அந்தப் பெயரில்லாத சாமுராயை, இப்போது உங்களுக்கு அடையாளம் தெரியும்.