அரியணை இல்லாத பேரரசர்: ரோமானிய நாவல் எழுதுவோர் சறுக்கும் இடங்கள்

ரோமானியப் பேரரசர்களை வைத்துத் தமிழில் நாவல் எழுத உட்காருபவர்கள் பெரும்பாலும் முதலில் செய்யும் காரியம், சோழர் அரண்மனையைப் பெயர்த்துக்கொண்டு போய் டைபர் நதிக்கரையில் வைப்பதுதான். கட்டியங்காரன் முழங்குகிறான், மன்னர் மகுடத்தோடு அரியணை ஏறுகிறார், மந்திரி ஓலையை நீட்டுகிறார், அந்தப்புரத்தில் சதி நடக்கிறது. உடை மட்டும் டோகா. கதையில் பிறகு வரும் பிழைகளில் பாதி இங்கே முளைத்தவைதான்.

மன்னராட்சியை விரட்டியதையே பெருமையாகச் சொல்லிக்கொண்ட ஊர் ரோம். 'ரெக்ஸ்', அதாவது அரசன் என்ற சொல் அங்கே வசை மாதிரி. கி.மு. 44 மார்ச் 15 அன்று ஜூலியஸ் சீசர் குத்துப்பட்டதற்கு, அவர் அந்தப் பட்டத்துக்கு ஆசைப்படுகிறார் என்ற சந்தேகமும் ஒரு காரணம். முதல் பேரரசரான அகஸ்டஸ் அந்தப் பாடத்தை நன்றாகக் கற்றவர். கி.மு. 27 ஜனவரியில் செனட், அதாவது ரோமின் மேட்டுக்குடி அவை, அவருக்கு அகஸ்டஸ் என்ற பெயரைச் சூட்டிய பிறகும் 'பிரின்செப்ஸ்', முதல் குடிமகன் என்றே தன்னைச் சொல்லிக்கொண்டார். ஓக் இலை வளையம் உண்டு, வாகை இலை உண்டு, மகுடம் கிடையாது. மணி பதித்த தலைப்பட்டை நிரந்தரமானது மூன்று நூற்றாண்டு கழித்து, கான்ஸ்டன்டைன் காலத்தில்தான். (சீசரையே முதல் பேரரசராக்கிவிடும் கையெழுத்துப் பிரதிகளும் உண்டு. அவர் வகித்தது சர்வாதிகாரி பதவி.)

அப்படியானால் பாத்திரங்கள் அவரை எப்படி அழைப்பது? 'மன்னா', 'பிரபோ' இரண்டும் ஆகாது. 'சீசர்' போதும். 'தோமினுஸ்', எஜமான் என்பது அடிமை தன் உடைமைக்காரரைக் கூப்பிடும் சொல். தன்னை அப்படி அழைக்கக் கூடாது என்று அகஸ்டஸ் தடுத்தார். அடிமைகளுக்கு எஜமான், படைவீரருக்கு இம்பெராட்டர் (தளபதி), மற்றவர்களுக்கு முதல் குடிமகன் என்று அடுத்த பேரரசர் திபேரியஸ் தன்னைப் பிரித்துச் சொன்னதாக வரலாற்றாசிரியர் டியோ எழுதுகிறார். உரையாடல் எழுத இதைவிட நல்ல அட்டவணை கிடைக்காது. 'எஜமானும் தெய்வமும்' என்று அழைக்கச் சொன்ன பழி கி.பி. 81-இல் ஆட்சிக்கு வந்த டொமிஷியனுக்கு உரியது. அதற்கு முன் நடக்கும் கதையில் ஒரு செனட்டர் அப்படிக் குழைந்தால் காலம் தவறிவிட்டது.

தமிழுக்கே உரிய ஒரு சிக்கலும் இருக்கிறது. லத்தீனில் 'நீ', 'நீங்கள்' என்ற மரியாதை வேறுபாடு அந்நாளில் இல்லை. பேரரசருக்கும் சமையல்காரனுக்கும் ஒரே 'தூ'. அதை அப்படியே 'நீ' என்று போட்டால் தமிழ் வாசகர் அதிர்வார், எல்லோரையும் 'தாங்கள்' ஆக்கினால் மறுபடி தஞ்சாவூர். செனட்டர்களுக்குள் 'நீர்', மற்ற இடங்களில் 'நீங்கள்' என்று ஒரு முடிவெடுத்து, முதல் அத்தியாயத்திலிருந்து கடைசிவரை அதையே பிடித்துக்கொள்வது நல்லது.

மந்திரியின் இடத்தில் யார் இருந்தார்கள் என்று தேடினால் இன்னும் சுவையான ஆட்கள் கிடைப்பார்கள். பேரரசர் கிளாடியஸிடம் கடிதங்களைக் கவனித்தவர் நார்சிஸ்ஸஸ், கணக்கைப் பார்த்தவர் பல்லாஸ், மனுக்களை வாங்கியவர் காலிஸ்டஸ். மூவருமே அடிமையாக இருந்து விடுதலை பெற்றவர்கள். பல தலைமுறைக் குடும்பப் பெருமையைச் சுமந்த செனட்டர், நேற்றைய அடிமையின் வாசலில் காத்து நிற்க வேண்டும். இதைத் தூக்கி எறிந்துவிட்டு வெள்ளைத்தாடி மந்திரியை எழுதுவது பெரிய நஷ்டம்.

அரியணை ஏறும் காட்சிக்குப் பதில் பணம் எண்ணும் காட்சியை எழுதலாம். கி.பி. 41 ஜனவரி 24 அன்று பேரரசர் காலிகுலா கொல்லப்பட்டார். திரைக்குப் பின் ஒளிந்திருந்த கிளாடியஸை அரண்மனைக் காவற்படை தூக்கிச் சென்றது. அவர் அவர்களுக்கு ஆளுக்கு 15,000 செஸ்டர்ஸ் வாக்களித்தார். 4 செஸ்டர்ஸ் ஒரு டெனாரியஸ், 25 டெனாரியஸ் ஒரு பொற்காசு. காவற்படை வீரரின் ஆண்டுச் சம்பளம் 750 டெனாரியஸ் அளவில் இருந்தது. ஆக இது ஐந்தாண்டுச் சம்பளம். அந்தக் கணக்கு புரிந்த வீரனின் முகத்தை எழுதினாலே அத்தியாயம் நிமிர்ந்து நின்றுவிடும்.

காலிகுலா என்பது 'குட்டிப் பூட்ஸ்' என்ற பாசறைச் செல்லப்பெயர். அவர் அதை வெறுத்தார். அப்படிச் சொன்ன ஒரு படைத்தலைவன் சிக்கலில் மாட்டியதாக அக்காலத் தத்துவஞானி செனிகா குறிப்பிடுகிறார். முகத்துக்கு நேரே 'காலிகுலா!' என்று அழைக்கும் பாத்திரம் அடுத்த பக்கத்தில் உயிரோடு இருக்கக் கூடாது. குதிரையைக் கான்சல் (ரோமின் உயர்ந்த ஆட்சிப் பதவி) ஆக்கினார் என்பதும் நடந்ததல்ல, ஆக்கப்போவதாகப் பேச்சு என்றுதான் பேரரசர்களின் வாழ்க்கை வரலாறு எழுதிய சுவெட்டோனியஸ் சொல்கிறார். அவர் எழுதியதோ எண்பது ஆண்டு கழித்து. அவருடைய வம்புகளை நாவலில் தாராளமாக வைக்கலாம், ஆனால் வம்பாக, யாரோ ஒருவர் வாயில் வைக்க வேண்டும். கதைசொல்லியே அடித்துச் சொன்னால் பிழை.

அரங்கக் காட்சிகளில் எப்போதும் வரும் வாசகம், 'சாகப்போகிறவர்கள் உம்மை வணங்குகிறோம்'. கிளாடியேட்டர்கள் இதை வழக்கமாகச் சொன்னதற்குச் சான்று இல்லை. பதிவாகியிருப்பது ஒரே நிகழ்ச்சி: கி.பி. 52, ஃபூசினஸ் ஏரி, கிளாடியஸ் நடத்திய போலிக் கடற்போர், கப்பல்களில் தண்டனைக் கைதிகள். அவர்கள் இதைச் சொன்னதும், கிளாடியஸ் 'சாகாமலும் போகலாம்' என்று முனகினார். அதையே மன்னிப்பாக எடுத்துக்கொண்டு எல்லோரும் சண்டையிட மறுத்துவிட்டார்கள். கிழவர் இருக்கையிலிருந்து குதித்து, கால் இழுக்க ஏரிக்கரையில் ஓடி, மிரட்டியும் கெஞ்சியும் போரைத் தொடங்க வேண்டியதாயிற்று. கையில் இப்படி ஒரு காட்சி இருக்கும்போது தேய்ந்த வசனம் எதற்கு?

நீரோவைக் கொலோசியத்தில் உட்காரவைப்பவர்களும் குறையவில்லை. அவர் இறந்தது கி.பி. 68, அரங்கு திறந்தது டைட்டஸ் காலத்தில், கி.பி. 80. நீரோவின் கடைசி ஆண்டுகளில் அந்த இடத்தில் அவருடைய மாளிகையின் செயற்கை ஏரிதான். 64-இல் ரோம் எரிந்தபோது அவர் பிடில் வாசித்திருக்கவும் முடியாது, அந்த வாத்தியமே பிறக்கவில்லை. அவர் வாசித்தது கித்தாரா என்னும் நரம்புக்கருவி. தீ தொடங்கியபோது அவர் இருந்ததும் ரோமில் அல்ல, ஆன்டியம் என்ற கடற்கரை ஊரில்.

சின்னப் பிழைகள்: குதிரையில் அங்கவடி வேண்டாம். சாப்பாட்டில் தக்காளி, மிளகாய், உருளைக்கிழங்கு வேண்டாம். இவை எதுவும் அன்றைய ரோமில் இல்லை. நேரத்தைச் சொல்லும்போது, பகல் எவ்வளவு நீளமானாலும் 12 பங்குதான். ரோமில் ஒரு 'மணி' குளிர்காலத்தில் 45 நிமிடத்துக்குச் சுருங்கும், கோடையில் 75-க்கு நீளும்.

மிளகை மட்டும் தாராளமாகத் தூவலாம். அது முசிறியிலிருந்து போனது. யவனர் பொன்னோடு வந்து மிளகோடு திரும்பியதை அகநானூறு சொல்கிறது. கருமிளகு ஒரு ராத்தல் 4 டெனாரியஸ் என்று ரோமானிய எழுத்தாளர் பிளினி விலையும் தருகிறார். ஆனால் அந்தக் கப்பலின் நாள்காட்டி பருவக்காற்றைச் சார்ந்தது: எகிப்திலிருந்து நடுக்கோடையில் புறப்பாடு, இந்தியாவிலிருந்து டிசம்பர், ஜனவரியில் திரும்பல். மத்தியதரைக் கடலிலோ நவம்பர் நடுப்பகுதி முதல் மார்ச் முதல் பாதிவரை அவசரமில்லாத யாரும் பாய் விரிப்பதில்லை. கதாநாயகனை ஜனவரியில் அவசரமாக அலெக்சாண்டிரியாவுக்கு அனுப்ப வேண்டுமானால், முதலில் அவன் கப்பல்தலைவனுக்கு எவ்வளவு கொடுத்தான் என்று எழுதிவிடுங்கள்.